எந்த எழுத்தென்று சொல்லாத பக்கம்

2025 ஜனவரி 6, திங்கள்

எடமலைப்பட்டி புதூரிலிருந்து பாலக்கரை வரை பஸ்ஸில் நின்றுகொண்டே வந்தேன். முழங்கால் கெஞ்சுகிறது. நாற்பத்திநாலு வயதுக்கு இது கொஞ்சம் அதிகம்.

ஆபீஸில் புது வேலை. எங்கள் பழைய சர்வரை இந்த மாதம் 31-ஆம் தேதி அணைக்கப் போகிறார்கள். அதில் நாற்பத்தோரு வெப்சைட்டுகள் இருக்கின்றன. அன்புச்செல்வன் சார் பட்டியலை நீட்டினார். "பாதிக்கு ஓனரே இல்ல கமர். உயிரோட இருக்கறத மட்டும் புது சர்வருக்கு மாத்துங்க. மிச்சம் அப்படியே போகட்டும்."

உயிரோடு இருக்கிறதா என்று வெப்சைட்டுக்கு நாடியா பிடிக்க முடியும்? யார் வந்து போகிறார்கள் என்று பதிவேட்டைப் பார்க்க வேண்டும். பார்க்கிறேன்.

ஜனவரி 8, புதன்

நாற்பத்தொன்றில் முப்பத்தெட்டு செத்தவை. இரண்டு எங்களுக்குத் தெரிந்த கடைக்காரர்களுடையவை. மிச்சம் ஒன்று.

ஸ்ரீரங்கத்து உற்சவத் தேதிகள் போட்ட பக்கம் அது. ஓய்வுபெற்ற சமஸ்கிருத வாத்தியார் ஒருவர் 2002-ல் ஆரம்பித்தது. தேதிகள் 2008-ஓடு நின்றுவிட்டன. பச்சைப் பின்னணி, இரண்டு ஓரத்திலும் ஆடுகிற விளக்குப் படம், அடியில் 'இதுவரை வந்தவர்கள்' என்று ஓர் எண்ணிக்கை. செத்தது என்று குறிக்கப் போனவள், 'வருகைப் பதிவு' என்ற இணைப்பைச் சும்மா தொட்டேன்.

கடைசிப் பதிவு போன சனிக்கிழமை. அதற்கு முன் வெள்ளிக்கிழமை. அதற்கு முந்தைய சனி, வெள்ளி. இப்படியே ஆண்டுக்கணக்கில். ஒரு வாரம்கூட விடவில்லை. பெயர் கிடையாது. உள்ளே எல்லாம் கொம்பு முளைத்த, புள்ளி வைத்த ஐரோப்பிய எழுத்துகள். அர்த்தமே இல்லாத குப்பை.

மிஷின் ஏதாவது தானாக அனுப்புகிறதோ? ஆனால் மிஷின் ஏன் வெள்ளி, சனியில் மட்டும்?

ஜனவரி 10, வெள்ளி

சொர்க்கவாசல் திறப்பு. ஊருக்கே விடுமுறை. வீட்டில் லேப்டாப்பைத் திறந்துவைத்து, வெங்காயம் உரித்துக்கொண்டே அந்தப் பக்கத்தைப் பார்த்தபடி இருந்தேன்.

பதினொன்றரைக்குள் வந்துவிட்டது. ஒரு பத்தி முழுக்கக் குப்பை எழுத்து. அனுப்பிய கம்ப்யூட்டர் திருச்சிக்குள்தான் இருக்கிறது. ஊரெல்லாம் அங்கே கோயிலில் நெரியும்போது யாரோ ஒருவர் உட்கார்ந்து இதைத் தட்டியிருக்கிறார்.

ஜனவரி 11, சனி

இன்றைக்கும் வந்தது. இது மஸ்கட்டிலிருந்து. போன் வழியாக.

ஆக, இரண்டு பேர்.

ஜனவரி 12, ஞாயிறு

புரிந்துவிட்டது. நான் செய்வதே இந்த வேலைதான், முதல் நாளே தோன்றியிருக்க வேண்டும்.

சர்வர் ஒரு பக்கத்தை நீட்டும்போது, அதற்கு முன்னால் ஒரு வரி சொல்லியாக வேண்டும். இது எழுத்தா, படமா, பாட்டா. எழுத்து என்றால் எந்த முறையில் படிக்க வேண்டும். கம்ப்யூட்டருக்கு எண் மட்டும்தான் தெரியும். 174 என்ற எண், யூனிகோடு வருவதற்கு முன் தமிழுக்கு இருந்த திஸ்கி முறையில் 'ஈ'. ஐரோப்பிய முறையில் வட்டத்துக்குள் ஒரு ஆர். இப்போது எல்லாரும் வைத்திருக்கும் யூனிகோடில் அது ஒரு எழுத்தின் துண்டு மட்டும். எந்த முறை என்று சர்வர் சொல்லாவிட்டால் பிரவுசர் அதுபாட்டுக்கு ஊகிக்கும். எங்கள் பழைய சர்வர் இருபது வருடமாக அந்த ஒரு வரியைச் சொன்னதே இல்லை.

சனிக்கிழமைப் பதிவுகளை யூனிகோடாக மாற்றிப் பார்த்தேன். சட்டென்று தமிழ். நேற்று வந்தது இது:

"அக்கா, நேத்து நீ எழுதினது வந்தது. வழக்கம்போல எல்லாம் கறுப்புக் கட்டம், உள்ளே கேள்விக்குறி. என் போன்ல உன் எழுத்து ஒண்ணுகூடத் தெரியல. ஆனா வெள்ளிக்கிழமை தவறாம வரது. நன்னா இருக்கேன்னு அதுலயே தெரிஞ்சுக்கறேன். சொர்க்கவாசல் நாளாச்சே, கூட்டத்துல போயிருக்க மாட்ட, உனக்கு மூச்சு முட்டும். அத்திம்பேர் எப்படி இருக்கார்? — செங்கமலம்."

படித்துவிட்டுச் சிரித்தேன். பாவம், ஒரு தலைப்பு வரி இல்லாததால் எத்தனை வருடம்! நாளைக்கே சரிசெய்து கொடுத்துவிடலாம், இரண்டு பேரும் சந்தோஷப்படுவார்கள் என்று நினைத்தேன்.

ஜனவரி 13, திங்கள்

வெள்ளிக்கிழமைப் பதிவுகள் திஸ்கியில் இருக்கின்றன. மாற்றிப் படித்தேன். படித்திருக்க வேண்டாம்.

"சௌபாக்யவதி செங்கமலத்துக்கு, ஆசீர்வாதம். இன்று சொர்க்கவாசல். நான் போகவில்லை. வகுளா இருந்தவரை அவளுக்காகப் போகாமல் இருந்தேன், இப்போது பழகிவிட்டது. அவள் போய் மூன்று வருஷம் எட்டு மாசம். நீ இதைப் படிக்கிறாயா, இல்லையா, தெரியவில்லை. படித்திருந்தால் ஒரு வரி எழுதியிருப்பாய். எழுதாததால் உன் கோபம் தீரவில்லை என்று எடுத்துக்கொள்கிறேன். — பராங்குசன்."

அவள் போய்.

வகுளா என்பதுதான் அந்த அக்கா. எழுதுகிறவர் அத்திம்பேர், அக்காவின் கணவர்.

அந்தப் பெண் மூன்றரை வருடத்துக்கு மேலாக, சனிக்கிழமை தவறாமல், செத்துப்போன அக்காவோடு பேசிக்கொண்டிருக்கிறாள். அக்கா உயிரோடு இருக்கிறாள் என்பதற்கு அவளிடம் இருக்கும் ஒரே அத்தாட்சி, அக்கா செத்த செய்தி.

லேப்டாப்பை மூடிவிட்டேன். பகல் மூன்று மணி, நல்ல வெயில்.

ஜனவரி 14, செவ்வாய்

பக்கத்து வீட்டு அமிர்தம் அக்கா பொங்கல் கொடுத்தனுப்பினாங்க. சாப்பிட்டேன். வேறு எதுவும் எழுதப் பிடிக்கவில்லை.

ஜனவரி 16, வியாழன்

என் வீட்டுக்காரரிடம் சொன்னேன். நஸ்ருல்லா எதையும் நிதானமாகக் கேட்கிற மனுஷர். முழுசாகக் கேட்டுவிட்டு, "மௌத்தான செய்திய மறைக்கறது நம்ம வேலையா?" என்றார்.

"நான் மறைக்கலைங்க. மறைஞ்சு கிடக்கு."

"தெரிஞ்சப்புறம் ரெண்டும் ஒண்ணுதான்."

இவரா சொல்கிறார்? 2011-ல் நான் மகளைப் பெற்று ஆஸ்பத்திரியில் கிடந்தபோது என் அம்மா போய்ச் சேர்ந்தார்கள். பச்சை உடம்பு, தாங்காது என்று ஒன்பது நாள் என்னிடம் சொல்லவில்லை. 'அம்மா தூங்குறாங்க', 'அம்மாவுக்குக் காய்ச்சல்'. அந்த ஒன்பது நாளும் நான் மனசுக்குள் அம்மாவோடு பேசினேன். பேத்திக்கு அவங்க மூக்கு என்று சொன்னேன். அதற்கு அம்மா சிரித்ததுகூட எனக்குக் கேட்டது. பிறகு தெரிந்தபோது எல்லார் மேலும் ஆத்திரம் வந்தது. ஆனால் அந்த ஒன்பது நாளை யாராவது திருப்பிக் கேட்டால் கொடுப்பேனா?

தெரியல. இன்னிக்கு வரைக்கும் தெரியல.

ஜனவரி 17, வெள்ளி

அவர் எழுதியதைத் திஸ்கியிலேயே வைத்துப் படித்தேன்.

"செங்கமலம், இந்த வாரம் பக்கத்தின் அடியில் இருக்கும் எண்ணிக்கை அறுபதுக்கு மேல் கூடியிருக்கிறது. எப்போதும் வாரத்துக்கு நாலோ ஐந்தோதான் கூடும். யாரோ திரும்பத் திரும்ப வந்து படிக்கிறார்கள். நீயா? நீ என்றால் ஒரே ஒரு எழுத்து போடு."

அந்த அறுபதும் நான்.

ஜனவரி 18, சனி

"அக்கா! கவுண்டர் எழுபது ஏறியிருக்கு! நீ தினம் வந்து நான் எழுதினதையெல்லாம் படிக்கறியா? எனக்கு எவ்வளவு சந்தோஷமா இருக்கு தெரியுமா. உன் எழுத்து தெரியாட்டா என்ன, நீ படிக்கற. போறும்."

என்னால் இதற்கு மேல் அந்தப் பக்கத்தைத் திறக்க முடியாது, இனி சர்வருக்குள் இருக்கும் கோப்பில்தான் படிக்க வேண்டும். திறந்தால் எண் ஒன்று கூடும். கூடினால் அங்கே ஒருத்தி அக்கா வந்துபோனாள் என்பாள். இங்கே ஒருத்தர் மச்சினி வந்தாள் என்பார். நடுவில் நான் யார்? பேயா?

ஜனவரி 20, திங்கள்

சார்கிட்ட பாதி நாள் லீவு கேட்டேன். வெப்சைட் பதிவு செய்த பழைய விண்ணப்பத்தில் முகவரி இருந்தது: கீழச் சித்திரை வீதி. இருபது வருடம் முந்தைய முகவரி. இருந்தாலும் போனேன்.

கதவைத் திறந்தவர் அவரேதான். அறுபத்திரண்டு, அறுபத்துமூன்று இருக்கும். ஒடிசலான உடம்பு, துவைத்து மடித்த வேட்டி. நான் கம்பெனி அட்டையைக் காட்டி, "உங்க வெப்சைட் விஷயமா வந்திருக்கேன் சார்" என்றேன்.

"அதுக்கெல்லாம் ஆள் இருக்காளா இன்னும்? உள்ள வாங்கோ."

உற்சவத் தேதிப் பக்கத்தை ஆரம்பித்த வாத்தியார் அவருடைய மாமனார். 2019-ல் காலமானார். பெரிய மகள் வகுளா. சின்னவள் செங்கமலம், 2009-ல் கிளமென்ட் என்று உடன் வேலை பார்த்தவரைக் கல்யாணம் செய்துகொண்டு மஸ்கட் போய்விட்டாள். அன்றைக்கு மாமனார் பெரிய மகளிடம் சத்தியம் வாங்கிக்கொண்டாராம், இனி அவளோடு பேசக் கூடாது என்று.

"பேச மாட்டேன்னுதான் சத்தியம். எழுத மாட்டேன்னு வகுளா சொல்லல. அப்பா பக்கத்துலயே எழுதினா. அவருக்கு அந்த இடத்தைத் திறக்கவே தெரியாது." லேசாகச் சிரித்தார். "அவர் போனப்புறமும் சத்தியத்தை மீறல. நம்பர்கூடக் கேட்டு வெச்சுக்கல."

2021 மே மாதம், இரண்டாவது அலையில், பதினோரு நாளில் வகுளா போய்விட்டார். ஆஸ்பத்திரிக்குக் கிளம்பும்போது கணவரிடம் சொன்ன கடைசிக் காரியம்: வெள்ளிக்கிழமை எழுதுவது நிற்கக் கூடாது, நான் எழுதுவதுபோல நீங்கள் எழுதுங்கள்.

"எனக்குப் பொய் எழுத வரல. அதனால நிஜத்தை எழுதினேன். முதல் வாரமே எழுதிட்டேன், அக்கா போயிட்டான்னு. பதில் வரல."

அவர் கம்ப்யூட்டரைப் போட்டுக் காட்டினார். பெட்டி மாதிரி பழைய திரை. எழுத்து முறையை வகுளா கையாலேயே திஸ்கிக்குத் திருப்பி வைத்திருக்கிறார், இருபது வருடம் முன்பு. அதிலிருந்து அது மாறவே இல்லை. அவர் எழுதியது எல்லாம் அதில் முத்து முத்தாகத் தெரிகிறது.

"ஆனா நடுவுல இது வரது பாருங்கோ."

சனிக்கிழமைப் பதிவு. அதே எண்கள்தான், தப்பான முறையில் படிக்கப்படும்போது அந்தத் திரையில் தமிழ் எழுத்தாகவே விழுகின்றன. வரி முழுக்க, பக்கம் முழுக்க:

தூஈ தூஈ தூஉ தூஈ தூஈ தூஉ

இடையிடையே ஏதேதோ எழுத்து. ஆனால் கண்ணில் படுவது அதுதான். அவர் விரல் வைத்து வாய்விட்டுப் படித்தார். "தூஈ… தூஈ… தூஉ… யாரோ தூரத்துல நின்னு அழறாப்ல இருக்கு. நான் எழுதின மறுநாளே வரும். வகுளா போனப்புறம் அதிகமாயிடுத்து. மொதல்ல ஏதோ வைரஸ்னு நெனச்சேன். அப்புறம்… வேற மாதிரி நெனச்சேன். இதைத் திறக்கறதுக்கு முன்னாடி பெருமாள் பேரைச் சொல்லிட்டுத்தான் திறப்பேன்."

சொல்லாமல் திரும்பி வந்துவிடலாமா என்று ஒரு நிமிஷம் இருந்தது.

"சார், அது வைரஸ் இல்ல. உங்க மச்சினி எழுதுறது."

லேப்டாப்பில் காட்டினேன். 2018-ல் அவள் போனுக்கு மாறியதிலிருந்து வந்தவை எல்லாம். அதற்கு முன் அவளும் கம்ப்யூட்டரில் திஸ்கியில்தான் எழுதியிருந்தாள். அவர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மெதுவாகப் படித்தார். 'அக்கா நன்னா இருக்கியா' என்ற இடத்தில் நின்றார். மேலே போனார். மறுபடி 'அக்கா'. மறுபடி.

"அவளுக்குத் தெரியாதா?"

"தெரியாது சார். நீங்க எழுதுனது அவங்களுக்குக் கறுப்புக் கட்டமாத்தான் போகுது. எழுத்து வருது, அதனால அக்கா இருக்காங்கன்னு நினைச்சுட்டு இருக்காங்க."

கண்ணாடியைக் கழற்றி மடித்தார். பிறகு சொன்னார்:

"பொய் சொல்லக் கூடாதுன்னு நிஜத்தை எழுதினேன். அது பொய்யாப் போய்ச் சேந்துருக்கு."

2022-ல் அவள் தன் போன் நம்பரை எழுதியிருந்ததையும் காட்டினேன். எண்கள் எந்த முறையிலும் மாறுவதில்லை. அவர் திரையிலும் அது அப்படியேதான் இருந்தது, தூஈ தூஉக்கு நடுவில், ஒன்பது ஆறு எட்டு என்று. "பாத்தேனே," என்றார். "தெரியாத நம்பருக்குக் கூப்பிடாதேங்கோன்னு பேங்க்லேர்ந்து மெசேஜ் வரதே…"

கிளம்பும்போது வாசல் வரை வந்தார். "நீங்க ஒண்ணும் சரி பண்ணிடாதேங்கோ அம்மா. அவளுக்கு அக்கா இருக்கட்டும்."

ஜனவரி 21, செவ்வாய்

சரிசெய்யாமல் விட்டால் 31-ஆம் தேதி பக்கமே இல்லாமல் போகும். சரிசெய்தால் அக்கா இல்லாமல் போவாள். பத்து நாள் இருக்கிறது.

ஜனவரி 24, வெள்ளி

பதினொன்று, பன்னிரண்டு, ஒன்று. எதுவும் வரவில்லை. அவர் இன்று எழுதவில்லை.

எப்படி எழுதுவார்? இனி நிஜத்தை எழுதினாலும் பொய் என்று தெரிந்துவிட்டதே.

ஜனவரி 25, சனி

"அக்கா, நேத்து ஒண்ணும் வரல. நெட் போயிடுத்தா?"

பிறகு பத்து நிமிடத்தில்: "கரண்ட் இல்லையோ?"

பிறகு: "பத்து வருஷத்துக்கு மேல நீ ஒரு வெள்ளிக்கிழமைகூட விட்டதில்ல."

ஜனவரி 27, திங்கள்

நேற்று மூன்று முறை எழுதியிருக்கிறாள். இன்று காலையிலிருந்து ஐந்து. கடைசியில் வெறும் "அக்கா". புள்ளிகூட இல்லை.

நானே கெடுத்தேன். ஒழுங்காகப் போய்க்கொண்டிருந்ததை நான் போய்ச் சொல்லி, அவர் நிறுத்தி, இப்போ அந்தப் பொண்ணு அங்க துடிக்குது. நான் யார்? என்னைக் கேட்டது யார்?

நஸ்ருல்லா எதிரே உட்கார்ந்து தேத்தண்ணீரை ஆற்றிக் கொடுத்தார். "அந்த ஒம்பது நாள் நீ எங்கள மன்னிச்சியா இல்லையா, இன்னும் நீ சொல்லவே இல்ல," என்றார். பதிநாலு வருடத்தில் முதல்முறையாகக் கேட்கிறார்.

"பத்தாவது நாள் நீங்களே வந்து சொன்னீங்க. வேற யார் மூலமாவது தெரிஞ்சிருந்தா மன்னிச்சிருக்க மாட்டேன்."

சொல்லி முடித்த பிறகுதான் நான் சொன்னது எனக்கே கேட்டது.

ஜனவரி 29, புதன்

மறுபடி கீழச் சித்திரை வீதி. அவர் ஒரு வாரத்தில் இன்னும் இளைத்திருந்தார். திங்கள், செவ்வாய் வந்த பதிவுகளைக் காட்டினேன். "டிக்கெட் பாத்துண்டிருக்கேன் அக்கா" என்பது கடைசி.

"வாசல்ல வந்து நின்னு தெரிஞ்சுக்க வேண்டாம் சார்," என்றேன்.

"நீங்க சொல்லிடுங்கோளேன்."

"நான் சொல்ல வேண்டிய செய்தி இல்ல சார் இது."

என் போனில் அந்த நம்பரை அழுத்திக் கொடுத்தேன். அவர் ஸ்பீக்கரில் போட்டுக்கொண்டார். மூன்று முறை மணி அடித்ததும் எடுத்தாள்.

"ஹலோ?"

"செங்கமலமா? நான் பராங்குசன்."

ஒரு மூச்சு. பிறகு கொட்டிவிட்டாள். "அத்திம்பேர்! அப்பாடா! பயந்தே போயிட்டேன். அக்கா பக்கத்துல இருக்காளா? அவ பேச மாட்டா, தெரியும். சத்தியம். அவ பேச வேண்டாம். போனை அவ காதுகிட்ட வையுங்கோ, நான் பேசறேன். கேட்டா போறும்."

அவர் என்னைப் பார்த்தார். பிறகு, ஏன் அப்படிச் செய்தார் என்று இன்னும் எனக்குப் புரியவில்லை, போனை மெல்லத் தூக்கிக் காலியாக இருந்த நாற்காலிப் பக்கம் நீட்டினார். கம்ப்யூட்டருக்கு முன்னால் இருந்த அந்த நாற்காலி.

செங்கமலம் பேசினாள். மகன் பதினோராம் வகுப்பு. கிளமென்ட்டுக்குச் சர்க்கரை. மணத்தக்காளி வத்தல் அங்கே கிடைக்கிறது, ஆனால் கசக்கவில்லை. "நீ வந்து வந்து படிச்சியே அக்கா, ரெண்டு வாரமா, எனக்கு அது போறும்." அந்த அறையில் நாங்கள் இரண்டு பேர். நானும் நாற்காலியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். யாரோ கேட்டுக்கொண்டிருப்பதுபோலவே இருந்தது. அல்லாஹ்வே, அப்படித்தான் இருந்தது.

இரண்டு நிமிஷம் இருக்கும். அவர் போனைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"செங்கமலம். கேளு. வகுளா இல்லை."

"கோயிலுக்குப் போயிருக்காளா?"

"இல்லைம்மா. கொரோனால போயிட்டா. நாலு வருஷம் ஆகப் போறது."

போனில், பின்னால் எங்கேயோ ஒரு வண்டி பின்பக்கம் நகரும் சத்தம், பீப் பீப் என்று.

"வெள்ளிக்கிழமை வந்ததே?"

"அது நான்தாம்மா."

போன் வைக்கப்பட்டது. அவர் அதை என்னிடம் கொடுக்கவில்லை, மடியில் வைத்துக்கொண்டே இருந்தார். நான் கேட்காமலே சொன்னார்: "இனிமே மறைக்க என்ன இருக்கு. சரி பண்ணிடுங்கோ."

ஜனவரி 31, வெள்ளி

மாற்றிவிட்டேன். வருகைப் பதிவில் இருந்த ஒவ்வொன்றையும் அதனதன் முறை பார்த்துப் பிரித்தேன். திஸ்கி தனிக் குவியல், யூனிகோடு தனிக் குவியல். திஸ்கியில் இருந்ததை எல்லாம் யூனிகோடாக்கி, தேதி வரிசையில் மறுபடி அடுக்கி, புது சர்வரில் ஏற்றினேன். தலைப்பில் அந்த ஒரு வரியை எழுதினேன்: இது எழுத்து, இதை இந்த முறையில் படி. ஒரே ஒரு வரி.

பிரிக்கும்போது கணக்கு தெரிந்தது. செங்கமலம் போனுக்கு மாறிய 2018 ஆகஸ்ட் முடிவிலிருந்து, வகுளா போன 2021 மே வரை, வகுளாவே எழுதிய வெள்ளிக்கிழமைகள் நூற்றி நாற்பத்தொன்று. அவற்றில் எதையும் செங்கமலம் படித்ததில்லை.

மாலை ஐந்து மணிக்குப் பழைய சர்வரை அணைத்தார்கள். விசிறிச் சத்தம் நின்றதும் சார் பெருமூச்சு விட்டார்.

பிப்ரவரி 4, செவ்வாய்

மஸ்கட்டிலிருந்து யாரும் வரவில்லை. ஸ்ரீரங்கத்திலிருந்தும் வரவில்லை. அந்தப் பழைய கம்ப்யூட்டரால் புது சர்வரைத் திறக்கவே முடியாது என்பது எனக்கு இப்போதுதான் உறைத்தது. நாளை போய் அவர் போனில் திறந்து காட்ட வேண்டும்.

பிப்ரவரி 10, திங்கள்

ஆபீஸ் நம்பருக்கு அழைப்பு. "அந்தப் பக்கத்தை மாத்தினது யாரு?"

குரல் உடனே தெரிந்தது.

"நான்தாங்க. கமர் ஜஹான்."

"கவுண்டர் ஏறினதும் நீங்கதானா?"

"ஆமாங்க."

"ரெண்டு வாரம் நான் எப்படி இருந்தேன் தெரியுமா உங்களுக்கு? கடையில வேலை பாக்கும்போதுகூடத் தானா சிரிச்சிண்டிருந்தேன்."

மன்னிச்சிடுங்க என்றேன். திட்டுவாள் என்று காத்திருந்தேன், திட்டட்டும் என்றும் இருந்தது. திட்டவில்லை. அத்திம்பேர் எழுதியதை எல்லாம் ஒரே மூச்சில் படித்துவிட்டாளாம். முதல் கடிதம் நாலு வரிதானாம். "எவ்வளவு நாகரிகமாச் சொல்லியிருக்கார். அதை நான் கறுப்புக் கட்டம்னு தள்ளிட்டுப் போயிருக்கேன்."

பிறகு கேட்டாள்: "அதுக்கு முன்னாடி இருக்கறது அக்காதானே?"

"ஆமாங்க. நூத்தி நாப்பத்தொண்ணு."

"நீங்க படிச்சேளா?"

"பிரிக்கறதுக்காக முதல் வரி மட்டும். உள்ள போகல."

"போகாதேங்கோ," என்றாள். வைத்துவிட்டாள்.

பிப்ரவரி 21, வெள்ளி

வேலை ஒன்றுமில்லை. முழங்காலுக்குத் தைலம் வாங்கினேன்.

மார்ச் 1, சனி

நாளை முதல் நோன்பு இருக்கும் என்கிறார்கள், பிறை பார்த்துச் சொல்வார்களாம். ஆபீஸில் அரைநாள்.

மாதம் முடிந்துவிட்டதால் எல்லாப் பதிவேடும் பார்த்தேன். மஸ்கட்டிலிருந்து வருபவர் வெள்ளிக்கிழமை மட்டும் வருகிறார். ஒரே ஒரு பதிவைத் திறக்கிறார். முக்கால் மணி நேரம் அப்படியே வைத்திருக்கிறார். அடுத்ததைத் தொடுவதில்லை. முதல் வெள்ளி 2018-ன் முதல் கடிதம். அடுத்த வெள்ளி இரண்டாவது. நேற்று மூன்றாவது.

ஸ்ரீரங்கத்திலிருந்து ஒருவர் ஞாயிற்றுக்கிழமை வந்து போகிறார்.

அன்புச்செல்வன் சார் பட்டியலோடு வந்தார். "இந்த உற்சவப் பக்கம் எத்தன நாளுக்கு வெச்சிருக்கணும்? தேதியெல்லாம் பழசு."

"2027 அக்டோபர் கடைசி வரைக்கும் இருக்கட்டும் சார்."

"அதென்ன கணக்கு?"

"ஒருத்தங்க வாரத்துக்கு ஒண்ணாப் படிச்சிட்டு இருக்காங்க."

அவர் போன பிறகு வருகைப் பதிவைத் திறந்தேன். அடியில் இருந்த எண்ணிக்கையை நான் போன வாரமே எடுத்துவிட்டேன். இன்று காலை ஒன்று வந்திருந்தது. எதையும் திருப்பாமல், மாற்றாமல், நேராகவே தெரிந்தது: "அக்கா, நீ கேட்டிருந்தியே, அதுக்குப் பதில்" என்று ஆரம்பித்து, நீளமாக.

முதல் வரியோடு நிறுத்திக்கொண்டு பக்கத்தை மூடினேன்.